தாலி கட்டும் நேரத்தில் ரீடேக் கிடையாது

கேள்வி: ஐயா, தருமபுரி மாவட்டத்தில் ஒன்பது வருடமாகக் கல்யாண வீடியோ எடுத்து வருகிறேன். எடிட்டிங்கும் நானே. போன மாதம் நண்பர் வற்புறுத்தினார் என்று ஒரு வியட்நாம் படம் பார்த்தேன், ‘இன்சைடு த யெல்லோ கக்கூன் ஷெல்’. மூன்று மணி நேரம். நடுவில் இரண்டு முறை தூங்கிவிட்டேன். அந்த இயக்குநரும் ஒரு காலத்தில் கல்யாண வீடியோ எடுத்தவர்தான், முதல் படத்துக்கே கான் விழாவில் விருது வாங்கினார் என்று நண்பர் சொன்னதிலிருந்து இப்போது ராத்திரியில் தூக்கமே வருவதில்லை. வெட்டாமல் நீளமாக எடுத்தால் விருது கிடைத்துவிடுமா? அவருடைய பாணி என்று எதைச் சொல்கிறார்கள்? நானும் கடையை மூடிவிட்டுப் படம் எடுக்கப் போகலாமா? கையில் மூன்று லட்சம் இருக்கிறது. ஒரு நல்ல சினிமா லென்ஸ் வாங்கலாம் என்று யோசனை.

(பெயர் வேண்டாம் என்று கேட்டுக்கொண்ட வாசகர்)

பதில்:

அன்புள்ள தம்பி,

தூங்கியதற்காக வெட்கப்பட வேண்டாம். படத்தொகுப்பு எனக்குத் தொழில். இருபது வருடமாக வெட்டித்தான் சோறு தின்கிறேன். ஒருவர் மூன்று மணி நேரம் வெட்ட மனசில்லாமல் உட்கார வைக்கிறார் என்றால் எனக்கு முதலில் வருவது எரிச்சல்தான். அந்தப் படத்தை முதல் தடவை பார்த்தபோது கை தானாக மவுஸைத் தேடியது. இரண்டாம் தடவை பார்த்தபோதுதான் அந்த ஆள் எங்கே வெட்டுகிறார் என்று பிடிபட்டது. அதைச் சொல்லத்தான் இந்தக் கடிதம். அதற்கு முன் அவர் வந்த வழியைப் பார்த்துவிடுவோம், உங்கள் தூக்கத்தைக் கெடுத்தது அதுதானே.

இயக்குநரின் பெயர் ஃபாம் தியென் அன். 1989இல் பிறந்தவர். ஊர் பாவ் லொக். தெற்கு வியட்நாமில் லாம் டோங் மாகாணத்து மலைப்பகுதியில் இருக்கிற தேயிலை, பட்டு ஊர். சைகோனிலிருந்து தா லாத் போகும் நெடுஞ்சாலையில் சுமார் 190 கிலோமீட்டர். கல்லூரியில் படித்தது தகவல் தொழில்நுட்பம். சினிமாவைத் தானாகவே கற்றுக்கொண்டார். சைகோனில் கல்யாணங்களைப் படம் பிடித்துக் கொடுக்கும் வேலை பார்த்தார். பிறகு அமெரிக்காவில் ஹூஸ்டனுக்குக் குடிபெயர்ந்தார். 2018இல் ‘தி மியூட்’ என்று ஒரு குறும்படம். அடுத்த வருடம் ‘ஸ்டே அவேக், பி ரெடி’, 14 நிமிடம். இந்த இரண்டாவது படம்தான் கதவைத் திறந்துவிட்டது. 2019இல் கான் விழாவின் ‘இயக்குநர்களின் இருவாரம்’ பிரிவில் குறும்படத்துக்கான இல்லி பரிசு அதற்குக் கிடைத்தது. நீங்கள் பார்த்த முழுநீளப் படம் வந்தது 2023இல். அதே பிரிவில் திரையிடப்பட்டு ‘கேமரா தோர்’, அதாவது தங்கக் கேமரா, வாங்கியது. கான் விழாவின் எல்லாப் பிரிவுகளிலும் வருகிற முதல் படங்களையெல்லாம் சேர்த்துப் போட்டு ஒன்றுக்கு மட்டும் கொடுக்கும் விருது அது. 1988இல் மீரா நாயரின் ‘சலாம் பாம்பே’ வாங்கியதும் இதைத்தான்.

இதில் நீங்கள் கவனிக்க வேண்டிய கணக்கு ஒன்று உண்டு. 14 நிமிடப் படத்துக்கும் மூன்று மணி நேரப் படத்துக்கும் நடுவே நான்கு வருடம். அந்தக் குறும்படத்தில் என்ன இருந்தது? ஒரு தெருமுனை. அங்கே ஒரு கடையில் மூன்று இளைஞர்கள் உட்கார்ந்து புதிராக எதையோ பேசிக்கொண்டிருக்கிறார்கள். பக்கத்தில் ஒரு மோட்டார் சைக்கிள் விபத்து. வேடிக்கை பார்க்கக் கூட்டம் சேர்கிறது. முழுநீளப் படத்தின் முதல் காட்சி என்ன? சைகோனில் இரவு நேரம், கால்பந்து மைதானத்தை ஒட்டி ஒரு பீர்க் கடை, மூன்று நண்பர்கள், பேச்சு, பக்கத்தில் ஒரு மோட்டார் சைக்கிள் விபத்து. ஒரு தெருமுனையை நான்கு வருடம் மனசில் ஊறப்போட்டு, விபத்தில் இறந்த பெண் யார், அவளுக்கு யார் யார் இருந்தார்கள் என்று கேட்டுக்கொண்டே போனால் கிடைப்பது இந்தப் படம். புதுப் புதுக் கதைக்கு அலைகிறவர்களிடம் நான் இதைத்தான் சொல்வேன், ஆனால் யாரும் கேட்பதில்லை.

சரி, பாணிக்கு வருவோம். அந்த முதல் ஷாட்டைத் திரும்பப் பாருங்கள், அதில் நீங்கள் தூங்கியிருக்க வாய்ப்பில்லை. மைதானத்தில் ஆட்டம் நடக்கிறது. கேமரா அவசரமே இல்லாமல் திரும்பிக் கடைக்கு வருகிறது. மூன்று பேரில் ஒருவன் நகரத்தை விட்டுவிட்டு மலைக்குப் போய் வாழப்போவதாகச் சொல்கிறான், இன்னொருவன் கிண்டல் செய்கிறான், கதாநாயகன் தியென் பிடிகொடுக்காமல் உட்கார்ந்திருக்கிறான். பீர் விற்கும் பெண் வந்து போகிறாள். எங்கோ ஒரு மோதல் சத்தம். எல்லோரும் திரும்புகிறார்கள், கேமராவும் அதன் பிறகுதான் திரும்புகிறது. உங்களையும் என்னையும் போன்ற எடிட்டர் அங்கே என்ன செய்திருப்போம்? சத்தம் வந்த நொடியில் சாலைக்கு ஒரு கட், ரத்தத்துக்கு ஒரு கட், முகங்களுக்கு நாலு கட். அவரோ சத்தத்தைக் கத்தரிக்கோலாக வைத்துக்கொண்டார். நம் காது அந்த இடத்துக்குப் போய்விட்டது, கண் இன்னும் பீர்க் கடையில் மாட்டிக்கொண்டிருக்கிறது. அந்த இடைவெளியில் நமக்கு ஒரு பதைப்பு வருகிறது பாருங்கள், அதை டைம்லைனில் வெட்டிச் செய்ய முடியாது.

விபத்தில் செத்தது தன் அண்ணி ஹான் என்று தியெனுக்கு அப்போது தெரியாது. மசாஜ் நிலையத்தில் படுத்திருக்கும்போது போன் விடாமல் அடிக்கிறது. எடுக்க மனசில்லாமல், கடவுள்தான் கூப்பிடுகிறார் என்று விளையாட்டாகச் சொல்வான். அந்தப் போனில்தான் செய்தி வருகிறது. அண்ணி இல்லை, அண்ணன் மகன் ஐந்து வயதுப் பையன் பிழைத்துவிட்டான். அண்ணன் பல வருடங்களுக்கு முன்பே எங்கேயோ போய்விட்டான். சடலத்தையும் பையனையும் கூட்டிக்கொண்டு தியென் ஊருக்குப் போகிறான், அடக்கம் செய்கிறான், அப்புறம் அண்ணனைத் தேடி மலைச் சாலைகளில் பைக்கில் அலைகிறான். மொத்தக் கதையும் இவ்வளவுதான். ஊருக்குப் போகும் முன் இந்தத் தியென் என்ன வேலை பார்க்கிறான் என்று ஞாபகம் இருக்கிறதா? கல்யாண வீடியோ எடிட்டிங். இயக்குநர் தன் தொழிலையே அவனுக்குக் கொடுத்துவிட்டார். நீங்கள் தூங்கிய இரண்டு இடங்களில் அது ஒன்றாக இருந்தால் உங்களை மன்னிக்க மாட்டேன்.

நீங்கள் கட்டாயம் திரும்பப் பார்க்க வேண்டிய ஷாட் அடக்கத்துக்குப் பிறகு வருகிறது. பிணத்துக்குக் கோடி தைத்துக் கொடுத்த லுவ் என்ற பெரியவர் வீட்டுக்குப் பணம் கொடுக்கப் போகிறான் தியென். பெரியவர் பணம் வாங்க மறுக்கிறார், உட்கார வைத்துப் போரில் தான் சண்டை போட்ட கதையைச் சொல்லத் தொடங்குகிறார். இந்த ஒரே ஷாட் 20 நிமிடத்துக்கும் மேல் ஓடுகிறது. கேமரா வீட்டுக்கு வெளியே இருந்து தொடங்கி, ஜன்னலை நெருங்கி, கொஞ்சம் கொஞ்சமாக உள்ளே போகிறது. எவ்வளவு மெதுவாக என்றால், நகர்கிறது என்பதே நமக்குத் தெரியாது. ஒரு கட்டத்தில் ஜன்னல் சட்டம் காணாமல் போயிருக்கிறது, நாம் பெரியவரின் அறையில் அவருக்கு எதிரே உட்கார்ந்திருக்கிறோம். எப்போது உள்ளே வந்தோம்? முதலில் எட்டிப் பார்க்கிற வெளியாள், கடைசியில் வீட்டுக்குள் உட்கார்ந்து கேட்கிற ஆள். அந்த மாற்றத்தைச் சொல்ல எனக்கு நான்கு கட் தேவைப்படும். அந்த நான்கும் பார்க்கிறவர் கண்ணுக்குத் தெரியும்.

அவர் எங்கே வெட்டுகிறார் என்று கேட்டால் இங்கேதான். ஒரு ஆள் ஃபிரேமுக்குள் வருவது ஒரு வெட்டு. கதவு திறப்பது ஒரு வெட்டு. வெளியே ஒரு வண்டி போகிற சத்தமும் அப்படித்தான். எடிட்டிங் மேசையில் நாம் பின்னால் எடுக்கிற முடிவை அவர் ஸ்பாட்டிலேயே, ஒத்திகையிலேயே எடுத்துவிடுகிறார். சும்மாவா, எழுதியதும் இயக்கியதும் அவர், தொகுத்ததும் அவரேதான். ஒளிப்பதிவாளர் தின் சுய் ஹுங். நடித்தவர்களில் பெரும்பாலோர் தொழில்முறை நடிகர்கள் இல்லை. இப்படிப்பட்டவர்களை வைத்து 20 நிமிடம் நிறுத்தாமல் எடுப்பது என்றால், கடைசி நிமிடத்தில் யாராவது சொதப்பினால் முதலிலிருந்து தொடங்க வேண்டும். ‘வெட்டாமல் எடுத்தால் விருது கிடைக்குமா’ என்ற உங்கள் கேள்விக்கு இதில் பதில் இருக்கிறது. வெட்டுவதுதான் சுலபமான வேலை தம்பி, அதனால்தான் எனக்குச் சம்பளம் கிடைக்கிறது.

இன்னொரு தந்திரமும் உண்டு. தியெனுக்குப் பழைய காதலி ஒருத்தி, தாவ். இப்போது கன்னியாஸ்திரி. இடிந்த கட்டடம் ஒன்றில் அவளோடு பேசியதை நினைக்கிறான். நம் ஊர்ப் படம் என்றால் திரை வெளுக்கும், புகை வரும், இல்லையென்றால் கலர் மாறும். இங்கே எதுவும் கிடையாது. நேற்றும் இன்றும் ஒரே வெளிச்சத்தில் ஒட்டிக்கொண்டிருக்கின்றன. இந்த இடத்தில் தாய்லாந்து இயக்குநர் அபிசாட்போங் வீரசெதகுலையோ ரஷ்ய இயக்குநர் தார்க்கோவ்ஸ்கியையோ இழுக்காத விமர்சகர் கிடையாது. அந்த உறவு பொய் இல்லை. ஆனால் அவர்களைப் பார்த்துப் பழகியதால் மட்டும் இந்தப் படம் வந்துவிடாது. அவருடைய ஊர் இல்லாமல் இது இல்லை.

ஊர் என்றதும் உங்களுக்கு நானே சொல்லத் தேவையில்லாத ஒன்றைச் சொல்கிறேன். தருமபுரிக்காரரான நீங்கள் பட்டுக்கூடு அங்காடிக்கு ஒரு முறையாவது போயிருப்பீர்கள். வெள்ளைக் கூடும் மஞ்சள் கூடும் பார்த்திருப்பீர்கள். வியட்நாமின் பழைய நாட்டுப் புழு கட்டுவது மஞ்சள் கூடு. பாவ் லொக் அந்த நாட்டுப் பட்டுத் தொழிலின் முக்கியமான ஊர். ஆக, ‘மஞ்சள் கூட்டின் ஓட்டுக்குள்’ என்று பொருள்படும் படத்தின் தலைப்பு ஏதோ கவிதைக்காக வைத்ததாகத் தோன்றினாலும், அவர் வளர்ந்த ஊரில் அது அன்றாடம் கண்ணில் படுகிற சரக்கு. கூட்டுக்குள் இருக்கிற புழுவுக்கு வெளியே வந்தால் உயிர், ஆனால் வெளியே வந்தால் நூல் அறுந்துவிடும், அதனால் வியாபாரி அதை உள்ளேயே கொன்றுவிடுவான். இதை உங்களுக்கு விளக்க வேண்டியதில்லை. பாரிஸில் உட்கார்ந்து படம் பார்த்த விமர்சகருக்குத்தான் விளக்க வேண்டும்.

அந்த மலை ஊர்களில் கத்தோலிக்கர்கள் நிறைய. 1954இல் ஜெனீவா ஒப்பந்தத்தில் நாடு இரண்டாகப் பிரிந்தபோது வடக்கிலிருந்து லட்சக்கணக்கானோர் தெற்கே வந்தார்கள், அவர்களில் பெரும்பாலோர் கத்தோலிக்கர்கள். நாடு முழுக்கக் கணக்கெடுத்தால் நூற்றுக்கு ஆறேழு பேர்தான், அங்கே மட்டும் ஊருக்கு ஊர் மாதா கோயில். படத்தில் செபம், அடக்கம், திருப்பலி எல்லாம் அவசரம் இல்லாமல் நடக்கின்றன. ‘ஸ்டே அவேக், பி ரெடி’, அதாவது ‘விழித்திருங்கள், ஆயத்தமாயிருங்கள்’ என்ற குறும்படத் தலைப்பே நற்செய்தியின் வாசகம்தான். தியெனுக்கு நம்பிக்கை இருக்கிறதா இல்லையா என்று அவனுக்கே தெரியாது. பையன்தான் சும்மா இருக்கமாட்டான், நம்பிக்கை என்றால் என்ன, சொர்க்கம் எங்கே என்று கேட்டுக்கொண்டே வருவான். பெயர்களையும் கவனியுங்கள். வியட்நாமியப் பெயர்களில் பல சீன வேர்ச்சொற்கள். தியென் என்றால் நன்மை. பையன் தாவோ என்றால் வழி, நெறி. காணாமல் போன அண்ணன் தாம் என்றால் நெஞ்சம். ஆக, நல்லவன் ஒருவன் வழியைக் கையில் பிடித்துக்கொண்டு தொலைந்த நெஞ்சத்தைத் தேடுகிறான். கொஞ்சம் அதிகம்தான், ஒப்புக்கொள்கிறேன். தமிழில் ஒருவர் இப்படிப் பெயர் வைத்தால் சிரித்திருப்பேன். அவர் அதை எங்கேயும் சொல்லிக்காட்டவில்லை என்பதால் தப்பித்தார்.

எல்லாம் பிடித்ததா என்றால் இல்லை. கடைசி ஒரு மணி நேரத்தில் மூடுபனி கொஞ்சம் கூடிவிட்டது. ராத்திரி மழையில் மரம் நிறைய வண்ணத்துப்பூச்சிகள் உட்கார்ந்திருக்கும் காட்சி அழகு, மறுக்கவில்லை. ஆனால் முதல் இரண்டு மணி நேரத்தில் வந்த அதிசயம் எல்லாம் மண்ணிலிருந்து முளைத்தது போல இருந்தன, இது கொண்டுவந்து வைத்தது போல இருந்தது. என் கையில் கொடுத்திருந்தால் ஒரு இருபது நிமிடத்தைக் குறைத்திருப்பேன். அவர் என் கையில் கொடுக்கமாட்டார் என்பதும் தெரியும்.

காசு எங்கிருந்து வந்தது என்று நீங்கள் கேட்கவில்லை, ஆனால் கடையை மூடும் முன் கேட்க வேண்டிய கேள்வி அதுதான். சிங்கப்பூர்த் தயாரிப்பாளர் ஜெரமி சுவா, வியட்நாம் தயாரிப்பாளர் டிரான் வான் தி, இவர்களோடு பிரான்ஸ், ஸ்பெயின் நிறுவனங்களும் சேர்ந்து எடுத்த படம் இது. வியட்நாமின் திரையரங்குச் சந்தை வேறு உலகம். அங்கே 2024இல் நடிகர் டிரான் தானின் ‘மாய்’ 500 பில்லியன் டோங்குக்கு (வியட்நாம் நாணயம்) மேல் வசூல் செய்தது. அந்தக் கூட்டத்துக்கும் அன்னுக்கும் சம்பந்தமே கிடையாது. தணிக்கையும் லேசுப்பட்டதில்லை. லே பாவின் ‘டேஸ்ட்’ 2021இல் பெர்லினில் பரிசு வாங்கியது, நிர்வாணக் காட்சியால் சொந்த நாட்டில் திரையிட முடியவில்லை. 2024இல் கானுக்குப் போன துருவோங் மின் குயியின் ‘வியட் அண்ட் நாம்’ படத்துக்கும் உள்ளூரில் தடைதான். அன்னின் படம் அந்த விஷயத்தில் அதிர்ஷ்டசாலி, 2023இலேயே வியட்நாம் திரையரங்குகளுக்கு வந்துவிட்டது. ஒரு வேடிக்கையும் சொல்கிறேன். அவருக்கு முப்பது வருடம் முன்னால், 1993இல், அதே தங்கக் கேமராவை வாங்கியவர் டிரான் ஆன் ஹுங், ‘பச்சைப் பப்பாளியின் வாசனை’ படத்துக்காக. அது பழைய சைகோனில் நடக்கிற கதை, ஆனால் முழுக்க முழுக்க பிரான்ஸில் ஸ்டூடியோவுக்குள் செட் போட்டு எடுத்தது. 2023இல் அன் தங்கக் கேமரா வாங்கிய அதே விழாவில் ஹுங்குக்குச் சிறந்த இயக்குநர் விருது, பிரெஞ்சுச் சமையலைப் பற்றிய படத்துக்கு. அவர் தொலைவிலிருந்து செட்டில் கட்டியதை இவர் சொந்த ஊருக்குத் திரும்பிப் போய் நனைந்துகொண்டே எடுத்தார்.

இப்போது உங்கள் விஷயம். கடையை மூடாதீர்கள். அந்தக் கடை உங்களுக்கு எதைச் சொல்லிக் கொடுத்திருக்கிறது என்று உங்களுக்கே தெரியவில்லை. தாலி கட்டும் நேரத்தில் ரீடேக் கிடையாது. ஐயர் எந்தப் பக்கம் நகர்வார், கெட்டிமேளம் எப்போது வரும், எந்த மாமா கேமராவுக்கு முன்னால் வந்து நிற்பார் என்று ஒன்பது வருடமாகக் கணக்குப் போட்டு நின்றிருக்கிறீர்கள். ஃபிரேமுக்குள் யார் எப்போது வருவார்கள் என்று முன்கூட்டித் தெரிந்து நிற்பதுதான் லாங் டேக்கின், அதாவது வெட்டாமல் எடுக்கும் நீண்ட ஷாட்டின், பாதி வேலை. திரைப்படக் கல்லூரியில் இருந்து வருகிற பையன்களுக்கு இது இருக்காது. மீதிப் பாதி உங்களிடம் இல்லாததற்கும் அதே கடைதான் காரணம். நீங்கள் எடுத்ததை உடனே ஸ்லோமோஷனாக்கி, இரண்டு நொடிக்கு ஒன்றாக நறுக்கி, மேலே ஒரு பாட்டைப் போட்டு மூடிவிடுகிறீர்கள். அந்த மண்டபத்தில் கேட்ட ஒரு சத்தம்கூட உங்கள் வீடியோவில் இருக்காது.

அடுத்த முகூர்த்தத்தில் ஒரு காரியம் செய்யுங்கள். பார்ட்டிக்குக் கொடுக்க வேண்டியதை எப்போதும்போல எடுத்து முடித்துவிடுங்கள். கடைசிப் பந்தி முடிந்து, வாழை மரத்தை அவிழ்க்கிற நேரத்தில், ஸ்டாண்டை ஒரு இடத்தில் போட்டு 14 நிமிடம் நிறுத்தாமல் ஓடவிடுங்கள். கிம்பல், ட்ரோன் வேண்டாம். பெண்ணின் அப்பா காலி நாற்காலி ஒன்றில் உட்கார்ந்து சமையல்காரரோடு கணக்குப் பார்ப்பார், பின்னால் யாரோ பாத்திரம் தேய்ப்பார்கள், ஒரு குழந்தை தனியாக மேடையில் ஏறும். யாரையும் எதையும் செய்யச் சொல்லாதீர்கள். வீட்டுக்கு வந்து தலையிலிருந்து கடைசி வரை தொடாமல் பாருங்கள். எந்த இடத்தில் உங்கள் கை மவுஸுக்குப் போகிறதோ, அந்த நிமிடத்தைக் குறித்து வையுங்கள். ஆறு கல்யாணத்தில் இதைச் செய்யுங்கள். ஏழாவதாக, நீங்களே நாலு பேரை நிறுத்தி, பேசவைத்து, ஒத்திகை பார்த்து, 14 நிமிடம் எடுங்கள். அதை எனக்கு அனுப்புங்கள். முன்னதாக எடுத்த ஆறும் எனக்கு வேண்டாம், அவை உங்களுக்கு. எடுத்ததை யாரிடமாவது காட்ட ஆசை வந்தால், அந்த வீட்டாரிடம் ஒரு வார்த்தை கேட்டுவிட்டுக் காட்டுங்கள்.

லென்ஸ் வாங்க வேண்டாம். கல்யாணத்துக்கு வைத்திருக்கிற கேமராவும் லென்ஸும் இதற்குத் தாராளமாகப் போதும். அந்த மூன்று லட்சத்தில் கொஞ்சத்தை எடுத்து நல்ல மைக்கும் தனியாகப் பதிவு செய்யும் ரெக்கார்டரும் வாங்குங்கள். மோதல் சத்தம் காதுக்கு முதலில் வந்து சேரவில்லை என்றால் அந்தப் பீர்க் கடை வெறும் பீர்க் கடைதான். மீதிப் பணத்தை வங்கியில் போட்டு வையுங்கள். ஆடி மாதத்தில் உங்களுக்குத்தான் வேலை இருக்காதே.